பாம்பெய் டு எண்ணூர்... சாம்பல்மீது ஒரு கச்சேரி!

கடற்கரை ஸ்டேஷனில் கும்மிடிப்பூண்டி லோக்கலில் ஏறி, ஜன்னல் சீட் பிடித்து, ஹெட்போனை மாட்டிக்கொண்டேன். போனில் ஓடியது பிங்க் ஃபிளாய்ட் இசைக்குழுவின் 'லைவ் அட் பாம்பெய்'.

1971 அக்டோபரில், இத்தாலியின் பழைமையான பாம்பெய் அரங்கில் நான்கு பேர் வாசித்த கச்சேரி இது. எதிரே ரசிகர்களே கிடையாது. காலியான கல் படிகள், சில கேமராக்கள், அவ்வளவுதான். கரன்ட் பத்தாமல், ஊர் நகராட்சி அலுவலகத்திலிருந்து நீளமாக வயர் இழுத்து வாசித்தார்கள். 'எக்கோஸ்' பாட்டின் தொடக்கத்தில் வரும் ஒற்றைப் பியானோ ஒலி, கிணற்றில் சொட்டு விழுந்ததுபோல இருக்கும். கைதட்டலோ விசிலோ இல்லாத இடத்தில் அது இன்னும் ஆழமாகக் கேட்கிறது. கி.பி. 79-ல் வெசுவியஸ் எரிமலையின் சாம்பலில் புதைந்த ஊர் அல்லவா!

ராயபுரம் வந்தது. 1856-ல் தென்னிந்தியாவின் முதல் ரயில் கிளம்பிய நிலையம். கொருக்குப்பேட்டை, திருவொற்றியூர் தாண்டி எண்ணூரில் இறங்கி, கொசஸ்தலை ஆற்றோரம் நடந்தேன். எதிரே அனல்மின் நிலையப் புகைபோக்கிகள். இங்கே எரிமலை இல்லை. ஆனால், சாம்பல் உண்டு. நிலக்கரியை எரித்த சாம்பலை நீரில் கலந்து கொண்டுபோகும் குழாய்கள் கசிந்து கசிந்து, ஆற்றின் ஆழத்தையே குறைத்திருக்கின்றன. மீனவர்களின் பல வருடப் புகார் இது.

இந்த மண்ணிலும் ரசிகர்கள் இல்லாத ஒரு கச்சேரி படமானது. 2017 ஜனவரியில் வெளியான 'சென்னை புறம்போக்குப் பாடல்'. கபேர் வாசுகியின் சென்னைத் தமிழ் வரிகளை, ஆர்.கே.ஸ்ரீராம்குமாரின் மெட்டில், எண்ணூர்க் கழிமுகத்தில் கர்னாடக ராகங்களில் பாடினார் டி.எம்.கிருஷ்ணா. நாம் வசவாக்கிவிட்ட 'புறம்போக்கு' என்ற சொல்லுக்கு ஊர்ப் பொதுநிலம் என்ற பழைய அர்த்தத்தை அந்தப் பாட்டு ஞாபகப்படுத்தியது. ஆறும் அலையாத்திக் காடும் யார் பெயரிலும் பட்டா இல்லாதவை. அதனாலேயே எல்லோருக்கும் சொந்தமானவை.

ஆற்றுக்குள் சிலர் இடுப்பளவு நீரில் குனிந்து, சேற்றைக் கையால் தடவி இறால் பிடித்துக்கொண்டிருந்தார்கள். பாம்பெய் ஒரேயடியாக மூடிப்போன ஊர். இங்கே சாம்பலுக்கு நடுவிலும் உலை கொதிக்கிறது, பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள்.

திரும்பும் ரயிலில் புறம்போக்குப் பாடலைப் போட்டேன். நீங்களும் ஒருநாள் இந்த லோக்கலில் ஏறி, எண்ணூரில் இறங்கி, அதைக் கேட்டுப் பாருங்கள். பாம்பெயில் காலிப் படிகள் அழகுதான். இந்த ஆற்றங்கரைக்கு ஆட்கள் வர வேண்டும்.