ராஸீ எனும் பெயருடையார்

பிறந்த ஊரின் பெயரைத் தம் பெயரின் ஈற்றில் இணைத்துக் கொள்வது அறிஞர் பெருமக்களின் பழைய வழக்கம். இதனை நிஸ்பத் என்பர். புகாராவில் தோன்றியவர் புகாரீ ஆனார்; திர்மிதில் தோன்றியவர் திர்மிதீ ஆனார். இவ்விதிப்படி நோக்கின், ஈரான் நாட்டின் ரய் நகரத்தார் ‘ரய்யீ’ என்றன்றோ அழைக்கப்பெற வேண்டும்? ஆயினும் அவர்கள் ‘ராஸீ’ என்றே அழைக்கப்பெற்றனர். மர்வ் நகரத்தார் ‘மர்வஸீ’ ஆனதும் இவ்வாறே. விதிக்கு அடங்காத சொற்கள் இவை என்று இலக்கணப் பாடத்தில் மாணவர்க்குச் சொல்லிக் கொடுத்து வருகிறோம்.

ஓராண்டு அப்பாடத்தின்போது மாணவர் ஒருவர் கேட்டார்: “ஹஜ்ரத், கிதாபுகளில் எத்தனையோ ராஸீகள் வருகின்றார்களே! இன்னார் இவர் என்று பிரித்தறிவது எவ்வாறு?”

“வபாத்தான ஆண்டைக் கொண்டு பிரித்தறியுங்கள்” என்றோம். அது வெறும் சாமர்த்தியமான விடை அன்று. பிறந்த ஆண்டு பலருக்கும் தெரியாது. பிறக்கும் குழந்தை பின்னாளில் இமாம் ஆகும் என்று எவர் அறிவார்? மறைந்த ஆண்டை மட்டும் உலகம் குறித்து வைத்தது. இப்னு கல்லிகான் (ரஹ்) அவர்கள் தம் பெருநூலுக்கு ‘பெரியோர்களின் வபாத்துகள்’ எனும் பொருள்படவே ‘வஃபயாத்துல் அஃயான்’ என்று பெயர் சூட்டினார்கள். அன்று முதல் ராஸீகளின் வபாத்தை ஓர் ஏட்டில் வரிசையாக எழுதி வந்தோம்.

அவ்வரிசையில் முதலில் நிற்பவர்கள் ஹதீஸ் கலை மேதை அபூ ஸுர்ஆ ராஸீ (ரஹ்) அவர்கள். ஹிஜ்ரீ 264இல், அதாவது கி.பி. 878இல், அன்னவர்கள் சகராத் நிலையில் இருந்தபோது தோழர்களாகிய ஆலிம்கள் சூழ்ந்திருந்தனர். கலிமாவை எடுத்துச் சொல்லவேண்டிய நேரம். ஆனால், இத்தகைய பெரியவருக்குக் கலிமா சொல்லிக் கொடுக்க எவருக்கும் நா எழவில்லை. ஆகவே, இறுதிச் சொல் கலிமாவாக அமைந்தவர் சுவனம் புகுவார் எனும் நபிமொழியைத் தமக்குள் பேசிக்கொள்வதுபோல் தொடங்கினர். ஒருவர் அறிவிப்பாளர் வரிசையைச் சொல்லிவந்து பாதியில் நின்றார். மற்றொருவர் தொடங்கினார், அவரும் நின்றார். அப்போது படுக்கையில் கிடந்த இமாம் அவர்களே கண் திறந்து, அறிவிப்பாளர் வரிசையைப் பிழையின்றி முஆத் இப்னு ஜபல் (ரலி) அவர்கள் வரை கொண்டு சென்று, நபிமொழியைச் சொல்லி, அதிலுள்ள கலிமாவோடு உயிர் நீத்தார்கள் என்று எழுதுவர்.

பாதியில் நின்ற இருவருள் இரண்டாமவர் மற்றொரு ராஸீ. அன்னவர்களே அபூ ஹாத்திம் ராஸீ (ரஹ்). அவர்களின் முறை ஹிஜ்ரீ 277இல் (கி.பி. 890) வந்தது. அப்போது அருகிலிருந்தவர் மகனார் அப்துர் ரஹ்மான். தந்தைக்குச் சகராத் தொடங்கிவிட்டதை அறியாமலேயே, உக்பா இப்னு அப்துல் காஃபிர் என்னும் அறிவிப்பாளர் நபித்தோழர்தாமா என்று மகனார் வினவினார். தந்தை தலையை அசைத்து இல்லை என்றார். மகனுக்கு அது போதவில்லை, மீண்டும் கேட்டார். அவர் ஒரு தாபியீ என்று தந்தையிடமிருந்து விடை வந்தது. இதனைப் பிற்காலத்தில் மகனாரே எழுதி வைத்தார். இப்னு அபீ ஹாத்திம் ராஸீ என்று நாம் போற்றும் அம்மகனார் ஹிஜ்ரீ 327இல் (கி.பி. 938) மறைந்தார். அவருடைய ‘அல்ஜர்ஹு வத்தஃதீல்’ எனும் பெருநூலை 1950களில் ஹைதராபாத்தின் தாயிரத்துல் மஆரிஃப் அச்சிட்டு உலகுக்கு வழங்கியது.

அதே அச்சகம் அதே காலத்தில் அச்சிடத் தொடங்கிய மற்றொரு பெருநூல் ‘அல்ஹாவீ’. அதன் ஆசிரியரும் ஒரு ராஸீயே. அவர் மருத்துவ மேதை அபூ பக்ர் முஹம்மத் இப்னு ஸகரிய்யா ராஸீ. பெரியம்மையையும் தட்டம்மையையும் வேறுபடுத்தி விளக்கிய பெருமை இவருக்கு உண்டு. இவருடைய தத்துவக் கொள்கைகளை நம் ஆலிம்கள் ஏற்றாரில்லை, மருத்துவத்தை மறுத்தாருமில்லை. பதினைந்து ஆண்டுகள் இரவும் பகலும் எழுதியதால் கண்ணொளி குன்றிற்று, கை நரம்பு தளர்ந்தது, பிறரைக் கொண்டு படிக்கவும் எழுதவும் நேர்ந்தது என அவரே குறிப்பிடுகின்றார். பார்வை முற்றும் மறைந்தபின் கண் அறுவையை வேண்டாமென்றார் என்பர். ஹிஜ்ரீ 313இல் (கி.பி. 925) ரய் நகரிலேயே மறைந்தார். அல்ஹாவீ அவர் கண் காணாத நூல். அவர் விட்டுச் சென்ற குறிப்புகள் அவருடைய சகோதரியிடம் இருந்தன என்றும், அவற்றை அமைச்சர் இப்னுல் அமீத் பெற்று நூலாக்கச் செய்தார் என்றும் வரலாறு கூறும்.

ஹனஃபீ மத்ஹபின் பேரறிஞர் அபூ பக்ர் ஜஸ்ஸாஸ் ராஸீ (ரஹ்) அவர்கள் காஸிப் பதவியை மறுத்து, கற்பித்தலிலேயே காலங்கழித்து, ஹிஜ்ரீ 370இல் (கி.பி. 981) பக்தாதில் வபாத்தானார்கள்.

இன்னொரு புதுமையையும் ஏட்டின் ஓரத்தில் குறித்துள்ளோம். ஊரின் பெயரைச் சுமந்தோர் சிலர் வேற்றூரில் அடங்கினர். வேற்றூரார் இருவர் இவ்வூரை அடுத்து அடங்கினர். கலீஃபா ஹாரூன் ரஷீதுடன் சென்ற இமாம் முஹம்மத் ஷைபானீ (ரஹ்) அவர்களும், இலக்கண மேதை கிஸாயீ (ரஹ்) அவர்களும் ஹிஜ்ரீ 189இல் (கி.பி. 805) ரய்யை அடுத்த சிற்றூரில் மறைந்தனர். ஃபிக்ஹையும் அரபு இலக்கணத்தையும் ரய்யில் புதைத்துவிட்டோமே என்று கலீஃபா வருந்தினாராம்.

இவ்வேட்டை எழுதி வந்த காலத்தில்தான் நம் இளைய மகன் பத்தொன்பதாம் வயதில் காய்ச்சலுற்று இறையழைப்பை ஏற்றான். மருத்துவமனையில் தீவிரச் சிகிச்சைப் பிரிவின் கதவுக்கு வெளியே நாமும் அவன் தாயாரும் நின்றிருந்தோம். உள்ளே செல்ல விடை கிடைக்கவில்லை. கதவு திறந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. ஜனாஸாவுக்கு வந்தோர் அன்புடன் கேட்ட முதற் கேள்வி, “கலிமா சொன்னாரா?” என்பதே. அவன் தாயார் பதில் சொல்ல இயலாமல் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அக்கேள்வி பல நாள் நம் வீட்டை விட்டு அகலவில்லை.

அந்நாள்களில் ஜலாலைன் பாடத்துக்குத் துணையாக இமாம் ஃபக்ருத்தீன் ராஸீ (ரஹ்) அவர்களின் தஃப்ஸீர் கபீரைப் புரட்டினோம். யூனுஸ் அத்தியாய விரிவுரையின் முடிவில் இமாம் அவர்கள் ஹிஜ்ரீ 601 ரஜபு மாதத்தைக் குறித்து, நல்ல மகன் முஹம்மத் மறைந்த துயரால் தம் நெஞ்சு நெருக்குண்டு கிடப்பதைக் கூறுகின்றார்கள். அடுத்து யூஸுஃப் அத்தியாயத்தின் முடிவில், இந்நூலைப் படிப்போர் தம் மகனுக்காகப் பாத்திஹா ஓதவேண்டும் என வேண்டுகின்றார்கள். உலகமே வியந்த தர்க்கப் பேரறிஞர், மகன் விஷயத்தில் வாதம் எதுவும் செய்யவில்லை, துஆவைக் கேட்டார்கள். ஹிஜ்ரீ 606இல் (கி.பி. 1210) நோயுற்றபோது மாணவர் ஒருவரிடம் சொல்லி எழுதச் செய்த வஸிய்யத்திலும், கலாம் கலையிலும் தத்துவ வழிகளிலும் காணாத பயனைக் குர்ஆனில் கண்டதாகவே கூறினார்கள். அவ்வாண்டு நோன்புப் பெருநாளன்று ஹிராத்தில் அன்னவர்கள் வபாத்தானார்கள்.

இவற்றை ஒருசேர வைத்துப் பார்த்தபோது நம் வீட்டாருக்குச் சொல்ல நமக்கு ஒரு சொல் கிடைத்தது. அபூ ஸுர்ஆ (ரஹ்) அவர்களின் முடிவு யாவரும் விரும்பத்தக்க முடிவு. அபூ ஹாத்திம் (ரஹ்) அவர்களிடமிருந்து மகனார் எழுதி வைத்ததோ ஓர் அறிவிப்பாளரைப் பற்றிய விடை. அதனால் அவர்களின் முடிவைக் குறைத்துப் பேசியவர் எவருமிலர். நாம் காதால் கேட்ட சொல்லுக்கு மட்டுமா ரப்பு கூலி தருகின்றான்? மூடிய கதவுக்கு உட்புறமும் அவனது பார்வையிலுள்ளதன்றோ? பத்தொன்பது ஆண்டுகள் ஒருவன் ஓதிய கலிமாவை அவன் அறிவான்.

ஆகவே, மௌத்தான வீட்டுக்குச் செல்லும் நண்பர்களே! தல்கீன் செய்ய வாய்ப்பிருந்தால் மென்மையாகச் செய்யுங்கள்; ஒருமுறை சொல்லிவிட்டால் மீண்டும் மீண்டும் வற்புறுத்தாதீர்கள் என்பதே ஃபுகஹாக்கள் கற்பித்த ஒழுக்கம். வாய்ப்பில்லாமற் போன வீட்டில், கலிமா சொன்னாரா என்று கேட்பதைவிட, அவருக்காகப் பாத்திஹா ஓதுவது மேலானது.

இமாம் ராஸீ அவர்கள் மறைந்து பத்தே ஆண்டுகளில், கி.பி. 1220இல், மங்கோலியர் ரய் நகரை அழித்தனர். ஊர் சிதைந்தது, பெயர் எஞ்சியது, ஒரு தந்தையின் வேண்டுகோளும் எஞ்சியது. எண்ணூறு ஆண்டுகளுக்குப் பின் அதைப் படித்து அம்மகனுக்காகப் பாத்திஹா ஓதினோம். இதைப் படிப்போர் அவருக்காகவும், நம் மகனுக்காகவும், மூடிய கதவுகளுக்குப் பின்னே பிரிந்த அனைவருக்காகவும் ஒரு பாத்திஹா ஓதுவீர்களாக. ஆமீன்.