தேம்ஸ் நதியும் தேய்ந்த கைகளும்

லண்டன் பாடிங்டன் ஸ்டேஷனில் ரயில் ஏறி, ட்வைஃபோர்டில் வண்டி மாறினால் சுமார் ஒரு மணி நேரத்தில் ஹென்லி வந்துவிடும். சின்னஞ் சிறு ஊர். பழைய கல் பாலம்; அதன் அருகில் மாதா கோயில்; காலடியில் தேம்ஸ் நதி. ஆடிப் பெருக்கில் காவேரியைப் பார்த்த கண்களுக்கு, "இதுவா நதி? நம் ஊர் வாய்க்கால் போல அல்லவா இருக்கிறது!" என்று தோன்றும். ஆனால் இந்த வாய்க்கால் வாங்கியிருக்கும் விலையைக் கேட்டால் அப்படிச் சொல்ல மாட்டீர்கள்.

1839-ஆம் ஆண்டு முதல் இங்கே படகுப் பந்தயம் நடந்து வருகிறது. ஜூன் கடைசி, ஜூலை ஆரம்பம் என்றால் ஊரே திருவிழாக் கோலம். கோயில் தீவு என்ற குட்டித் தீவின் அருகிலிருந்து இரண்டே இரண்டு படகுகள் புறப்படும். தூரம் 2112 மீட்டர். தோற்றவர் அன்றே மூட்டை கட்ட வேண்டியதுதான்.

பாலத்தின் நடு வளைவில் இரண்டு கல் முகங்கள் இருக்கின்றன; தவறாமல் பாருங்கள். ஒன்று தேம்ஸ், மற்றது ஐஸிஸ் என்ற நதி தேவி. செதுக்கியவர் ஆன் டேமர் என்ற பெண்மணி. பாலத்துக்கு முகம் கொடுத்தவர் ஒரு பெண். ஆனால் பாலத்துக்குக் கீழே ஓடும் தண்ணீரில் பெண்களுக்கு லேசில் இடம் கிடைக்கவில்லை. பெண்களுக்கான ஒற்றையர் பந்தயம் ஹென்லியில் நிலையாக இடம் பெற்றது 1993-இல்தான். ஒலிம்பிக்கிலும் 1976 வரை பெண்கள் துடுப்புப் பிடிக்க வழியில்லை. அப்போதும் ஆண்களுக்கு 2000 மீட்டர் என்றால், பெண்களுக்குப் பாதிதான். முழுத் தூரம் கிடைத்தது 1988-இல். கரையில் மட்டும் குறைந்த சட்டமா? பிரமுகர்களின் அடைப்புக்குள் வரும் பெண்கள் முழங்காலை மறைக்கும் கவுனோ பாவாடையோதான் அணிய வேண்டியிருந்தது. கால்சட்டைக்கு அநுமதி 2021-இல்தான் வந்தது!

நதியோடு கீழே போனால் மார்லோ என்ற ஊர். அங்கே ஹிகின்ஸன் பூங்காவில் ஓர் ஆஜாநுபாகு சிலையாக நிற்கிறார். அவர்தான் ஸ்டீவ் ரெட்கிரேவ், அந்த ஊர்ப் பிள்ளை. 1984 முதல் 2000 வரை, அடுத்தடுத்து ஐந்து ஒலிம்பிக்குகளில் ஐந்து தங்கப் பதக்கங்கள்! 1996-இல் அட்லாண்டாவில் பிரிட்டன் முழுவதுக்கும் கிடைத்த ஒரே தங்கம் இவரும் மாத்யூ பின்ஸென்ட்டும் வாங்கியதுதான். பந்தயம் முடிந்ததும் அவர் என்ன சொன்னார் தெரியுமோ? இனி என்னைப் படகுப் பக்கம் கண்டால் சுட்டுவிடலாம் என்றார்! அவ்வளவு அலுத்துப் போயிருந்தது.

யாரும் சுடவில்லை. சில மாதங்களில் அவரே திரும்பி வந்து துடுப்பை எடுத்தார். வந்த பிறகு, 1997-இல், டாக்டர்கள் இன்னொரு செய்தி சொன்னார்கள்: சர்க்கரை வியாதி. ஏற்கெனவே பெருங்குடலில் புண்ணும் உண்டு. வேறொருவராக இருந்தால் சாய்வு நாற்காலியைத் தேடியிருப்பார். இவரோ இன்சுலின் ஊசி போட்டுக்கொண்டே மூன்று வருஷம் பயிற்சி செய்தார். வீட்டில் மூன்று குழந்தைகள். மனைவி ஆன் ஒரு டாக்டர். 1984 ஒலிம்பிக்கில் எண்மர் படகில் தாமும் துடுப்புப் போட்டவர். கணவரின் உடம்புக்குள் என்ன நடக்கிறது என்பதை அந்த அம்மாளைவிட நன்றாக அறிந்தவர் யார்? அறியாமல் இருப்பதைவிட அறிந்து பார்த்துக்கொண்டிருப்பதுதான் கடினம். 2000-இல் ஸிட்னியில், 38 வயதில், ரெட்கிரேவின் படகு இத்தாலியரை 0.38 விநாடியில் முந்தியது. கண் இமைத்துத் திறக்கும் நேரம். அதற்குத்தான் அந்த மூன்று வருஷமும்.

இந்தப் பந்தயத்தில் ஒரு விசித்திரம் உண்டு. ஓடுகிறவன் எல்லைக்கோட்டைப் பார்த்து ஓடுகிறான். துடுப்புப் போடுகிறவரோ முதுகைக் காட்டிக்கொண்டு போகிறார். வந்த வழிதான் கண்ணுக்குத் தெரியும். ஆறேழு நிமிஷ வேலைதான். ஆனால் பாதி தூரத்திலேயே தொடைகள் தணலாக எரியும். தினமும் இரண்டு மூன்று வேளைப் பயிற்சி. உள்ளங்கை கொப்புளித்து, உடைந்து, காய்த்துப் போகும். முதுகு வலி சகஜம். ஓயாமல் இழுத்து இழுத்து விலா எலும்பில் கீறல் விழுவதும் உண்டு.

இன்னும் கீழே போனால், விண்ட்ஸருக்கு அருகில் டோர்னி ஏரி. ஈட்டன் பள்ளிக்கூடத்துக்குச் சொந்தமானது. 2012 ஒலிம்பிக் படகுப் பந்தயங்கள் நடந்த இடம். அன்று அந்தக் கரை காதரின் கிரெய்ஞ்சர் என்ற பெண்ணுக்காகக் காத்திருந்தது. 2000-இல் வெள்ளி, 2004-இல் வெள்ளி, 2008-இல் மறுபடியும் வெள்ளி. பீக்கிங்கில் கடைசி வரை முன்னால் இருந்து, முடிவில் சீனப் பெண்களிடம் தோற்று, மேடையில் கண்ணீர் விட்டார். உலகத்தில் இரண்டாவதாக வந்ததற்கு அழுகையா என்று கேட்கலாம். எட்டு வருஷம் ஒரே கதவைத் தட்டியவருக்குத்தான் அது புரியும். சட்டப் படிப்பில் ஆராய்ச்சியும் செய்துகொண்டே, மேலும் நான்கு வருஷம் இழுத்தார். டோர்னியில் அன்னா வாட்கின்ஸுடன் தங்கம் வாங்கியபோது வயது 36.

அதே ஏரியில் அதே ஆண்டு பிரிட்டனின் முதல் தங்கத்தை வாங்கியவர்களில் ஒருவர் ஹெலன் குளோவர். 2016-இல் இன்னொரு தங்கம். பிறகு ஒரு மகன், அடுத்து இரட்டைக் குழந்தைகள். கதை முடிந்தது என்றுதானே நினைப்பீர்கள்? 2020-இல் ஊரடங்கு வந்தது. குழந்தைகள் தூங்கும் நேரம் பார்த்து வீட்டிலேயே துடுப்பு இயந்திரத்தில் உட்கார்ந்தார். தாயான பின் பிரிட்டனுக்காக ஒலிம்பிக்கில் துடுப்புப் போட்ட முதல் பெண் இவர்தான். 2021-இல் டோக்கியோவில் நான்காவது இடம். 2024-இல் பாரிஸில் நால்வர் படகில் வெள்ளி. தங்கம் தவறியது 0.18 விநாடியில்.

குழந்தை தூங்கும் அரை மணியில் எத்தனை வேலைகளைச் செய்து முடிக்கிறோம் என்பது நம் வீட்டுப் பெண்களுக்குத் தெரியும். அந்த அரை மணியைத் தனக்கென்று எடுத்துக்கொள்வதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும் என்பதும் தெரியும். பதக்கத்தின் எடையைத் தராசில் போட்டுச் சொல்லிவிடலாம். அந்த அரை மணிகளின் எடையைச் சொல்ல ஒரு தாயால்தான் முடியும்.

டோர்னிக் கரையில் பெரும்பாலான நாட்கள் யார் வேண்டுமானாலும் நடந்து போகலாம். தண்ணீர் சலனமில்லாமல் கண்ணாடிபோல் கிடக்கும். போனால், எல்லைக்கோட்டில் நின்று பார்க்காதீர்கள். புறப்படும் முனைக்குப் போய் நில்லுங்கள். படகில் இருப்பவர்களின் முகம் அங்கிருந்து பார்ப்பவர்களுக்குத்தான் தெரியும்.