எந்த ஊர்க்காரர்?

தம்பானூரில் ரயிலை விட்டு இறங்கினால் எதிரே பஸ் நிலையம். நாகர்கோவில் பஸ் எங்கே நிற்கும் என்று ஒருவர் தமிழில் கேட்பார். பதில் மலையாளத்தில் வரும். இருவருக்கும் புரிந்துவிடும். சற்றுத் தள்ளி கைரளி, ஸ்ரீ, நிளா என்று மூன்று அரங்குகள். 2008ல் தொடங்கிய சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா நடக்கிற இடம். அணைக்கட்டு, கலவரம், ஆலைக் கழிவு பற்றிய படங்கள் இங்கே வரிசையில் நிற்பவர்களுக்குப் புதிதல்ல. காமிராவைத் தன் வீட்டுக்குள்ளேயே திருப்பி, "நான் எந்த ஊர்க்காரன்?" என்று இயக்குநர் தன்னையே கேட்டுக்கொள்ளும் படங்களுக்கும் அவர்கள் பழகிவிட்டார்கள்.

இந்த ரகத்தில் மறக்க முடியாதது சஃபினா உபராய் 2001ல் எடுத்த 'மை மதர் இந்தியா'. தாய் பாட்ரீஷியா ஆஸ்திரேலியர். தந்தை ஜே.பி.எஸ். உபராய் சீக்கியர், டெல்லிப் பல்கலைக்கழகச் சமூகவியல் பேராசிரியர். அம்மா தன் உள்ளாடைகளை ஊரறியக் கொடியில் காயப்போடுவார், மகளுக்கு மானம் போகும். தெருவில் விற்கும் சாமிப் பட காலண்டர்களை வேறு ஆசை ஆசையாகச் சேர்ப்பார். இப்படிச் சிரிப்பும் கிண்டலுமாகப் போகிற படம் 1984 நவம்பரில் வந்து முட்டுகிறது. இந்திரா காந்தி கொலைக்குப் பிறகு டெல்லியில் சீக்கியர்கள் தேடித் தேடிக் கொல்லப்பட்ட நாட்கள். பாஸ்போர்ட்டைக் காட்டி விமானம் ஏறியிருக்கலாம் பாட்ரீஷியா. அவரோ ஆஸ்திரேலியக் குடியுரிமையைத் துறந்து இந்தியரானார். டெல்லியிலேயே வளர்ந்த மகள்தான் பிற்பாடு ஆஸ்திரேலியாவில் போய்க் குடியேறினார். கண்ணீர்ப் படமாக வழிந்தோடியிருக்க வேண்டிய கதை. அதைக் காப்பாற்றியது அந்தத் துணிக்கொடிதான்.

தம்பானூரில் இந்தக் கேள்வி வெளிநாட்டுச் சரக்கல்ல. 1956 நவம்பர் 1 அன்று கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்துக்கு வந்தது. எல்லைக்கு இந்தப் பக்கம் மாமன், அந்தப் பக்கம் மச்சான் என்று எத்தனையோ குடும்பங்கள். அப்படிப்பட்ட ஒருவர்தான் மலையாள சினிமாவின் தந்தை எனப்படும் ஜே.சி. டேனியல். அகஸ்தீஸ்வரத்துத் தமிழர். நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் ஸ்டூடியோ அமைத்து 'விகதகுமாரன்' என்ற மௌனப் படத்தை எடுத்தார். வெளியானது 1930 என்கிறார்கள், 1928 என்பாரும் உண்டு. நாயகி பி.கே. ரோஸி தலித் பெண். அவர் நாயர் பெண்ணாக நடித்ததைப் பொறுக்காமல் திரையில் கல் விழுந்தது. உயிருக்குப் பயந்து ஓடிய ரோஸி, நாகர்கோவில் பக்கம் ராஜம்மாளாக வாழ்ந்து முடித்தார். அவர் ஓடியபோது அதுவும் திருவிதாங்கூர்தான். எல்லைக்கோடு பின்னால் வந்தது.

கடனாளியான டேனியல் பல் மருத்துவராகத் தமிழ்நாட்டு ஊர்களில் பிழைத்தார். முதுமையில் கேரள அரசின் உதவித்தொகைக்கு முயன்றபோது, அகஸ்தீஸ்வரம் தமிழ்நாட்டில் இருக்கிறதே, அங்கே கேளுங்கள் என்ற தொனியில் பதில் வந்ததாகப் பதிவாகியிருக்கிறது. சினிமா சரித்திர ஆசிரியர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் அவருக்காக ஓயாமல் எழுதினார். 1975ல் டேனியல் இறந்தார். 1992 முதல் கேரள அரசின் உயரிய திரைப்பட விருது அவர் பெயரில் தரப்படுகிறது.

அந்தக் குடும்பத்தில் யாராவது 'மை மதர் இந்தியா' மாதிரி ஒரு படம் எடுக்க நினைத்தால் வெட்டி ஒட்ட ஒரு அடி ஃபிலிம் கிடையாது. சிறு வயதில் அந்த ரீல்களைக் கொளுத்தி விளையாடிவிட்டதாக டேனியலின் மகனே பின்னாளில் சொல்லியிருக்கிறார்.