தந்தையின் சமாதிக்கு இரண்டு வாசல்

ஒரு வரப்புக்காகவும் ஒரு கிணற்றுக்காகவும் மூன்று தலைமுறை முகங்கொடுத்துப் பேசாத அண்ணன் தம்பி வீடுகள் நம் ஊர்களில் எத்தனையோ உண்டு. பங்காளிக் காய்ச்சல் நமக்குப் புதிதல்ல. ஆயினும் சகோதரர்களின் பிணக்கு ஒன்று நூறு தலைமுறைக்கு மேல் நீண்டு, மதங்களின் எல்லையாகவும் தேசங்களின் எல்லையாகவும் வளர்ந்து நிற்பதைக் கண்ணால் காண வேண்டுமானால், பாலஸ்தீனத்து மலைகளின் நடுவேயுள்ள ஹெப்ரான் நகருக்குத்தான் போக வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன்னர், திராட்சை பழுக்கும் பருவத்தில், அந்நகரைக் கண்டு வரும் வாய்ப்பு எங்களுக்குக் கிட்டியது.

ஜெருசலேமிலிருந்து தெற்கே சுமார் 20 மைல். வழியில் பெத்லகேம் நகரைத் தாண்டிச் சாலை மேலே மேலே ஏறுகிறது. மலைச் சரிவுகளிலெல்லாம் கல் அடுக்கி வரம்பு கட்டி, படிப்படியாகத் திராட்சை பயிரிட்டிருக்கிறார்கள். மோசே அனுப்பிய வேவுகாரர்கள் ஒரே திராட்சைக் குலையை இரண்டு பேராகத் தடியில் கட்டித் தூக்கி வந்தார்கள் என்று வேதாகமம் கூறும் பள்ளத்தாக்கு இப்பக்கத்தில்தான் இருந்தது என்பார்கள். சாலையோரத்தில் விற்ற பழத்தை வாங்கித் தின்று பார்த்தோம். கதையை நம்பலாம் என்றே தோன்றியது.

நகரம் கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 3,000 அடி உயரத்தில் இருக்கிறது. கண்ணாடி ஊதும் தொழிலுக்கு நெடுங்காலமாகப் பெயர் போனது. அரபு மக்கள் இதனை ‘அல் கலீல்’ என்று அழைக்கிறார்கள். ‘தோழன்’ என்று பொருள். இறைவனின் தோழரான இப்ராஹீம் நபி அடக்கமாகியிருக்கும் ஊர் என்பதால் வந்த பெயர். தமிழ் வேதாகமத்தில் எபிரோன் என்று வரும் எபிரேயப் பெயரையும் ‘தோழன்’ என்ற சொல்லோடு தொடர்புபடுத்துவதுண்டு. இரண்டு மொழியிலும் நட்பையே பெயராகக் கொண்ட ஊர்! அவ்வூரின் பழைய கடைத்தெருவில் நடக்கும்போது தலைக்கு மேலே கம்பிவலை விரித்திருக்கிறது. மேல்மாடிகளில் குடியேறியவர்கள் எறியும் பொருள்கள் கீழே நடப்போர் தலையில் விழாதிருப்பதற்காக விரித்த வலை அது. 1997-ஆம் ஆண்டு உடன்படிக்கைக்குப் பின் நகரமே இரண்டாகப் பிரிந்திருக்கிறது. பெரும்பகுதி பாலஸ்தீனியர் நிர்வாகத்தில் விடப்பட்டது. பழைய நகரை உள்ளிட்ட ஏறக்குறைய ஐந்தில் ஒரு பகுதி இஸ்ரேல் இராணுவத்தின் காவலில் இருந்தது. அந்தப் பகுதியில் பூட்டிய கடைகளின் வரிசை வழியாக, ஒன்றன்பின் ஒன்றாகச் சோதனைச் சாவடிகளைக் கடந்துதான் நாங்கள் காண வந்த சமாதியை அடைந்தோம்.

இத்தனைக்கும் காரணமான குடும்பக் கதையை நேயர்களுக்கு இங்கே சுருக்கமாக நினைவூட்ட விரும்புகிறோம்.

ஆபிரகாமுக்கு நெடுநாள் பிள்ளையில்லை. மனைவி சாராள் தன் பணிப்பெண்ணாகிய ஆகாரைத் தானே கணவனுக்குக் கொடுத்தாள். ஆகாருக்கு இஸ்மவேல் பிறந்தான். பின்பு முதுமையிலே சாராளுக்கும் ஈசாக்கு பிறந்தான். இனி, பணிப்பெண்ணின் மகன் என் மகனோடு பங்காளியாவதா என்று சாராள் சினந்தாள். ஆபிரகாம் மனம் நொந்து, கொஞ்சம் அப்பமும் ஒரு தோல்பை நிறையத் தண்ணீரும் கொடுத்து, தாயையும் மகனையும் அனுப்பிவிட்டார். பாலைவனத்தில் தண்ணீர் தீர்ந்து, பிள்ளை சாவதைக் காணச் சகிக்காமல் ஆகார் தூரத்தில் உட்கார்ந்து அழுதபோது, கடவுள் ஒரு துரவைக் காட்டி அவர்களைக் காப்பாற்றினார். இவனையும் பெரிய ஜாதியாக்குவேன் என்று வாக்களித்தார். ஆனால் உடன்படிக்கை ஈசாக்கோடுதான் என்கிறது வேதாகமம்.

அடுத்த தலைமுறையிலும் இதே கதை. ஈசாக்குக்கு ஏசா, யாக்கோபு என்று இரட்டைப் பிள்ளைகள். மூத்தவனான ஏசா வேட்டையாடிக் களைத்துப் பசியோடு வந்தபோது, தம்பி ஒரு கிண்ணம் பயற்றங்கூழுக்கு அவனுடைய சேஷ்டபுத்திர பாகத்தையே வாங்கிக்கொண்டான். பிறகு கண் மங்கிய தகப்பனை ஏமாற்றி அண்ணனுக்குரிய ஆசியையும் பெற்றுக்கொண்டு ஊரைவிட்டு ஓடினான். அந்த யாக்கோபுக்குத்தான் பின்னர் ‘இஸ்ரவேல்’ என்று பெயர் வந்தது. 1948-ஆம் ஆண்டு தோன்றிய யூத தேசம் சூடிக்கொண்டதும் அந்தத் தம்பியின் பெயரையே.

இக்கதை மாந்தர் வாழ்ந்ததற்கு வேதாகமத்துக்கு வெளியே சரித்திரச் சான்று கிடைக்கவில்லை. ஆயினும் கதை செய்த வேலையோ சரித்திரம். யூதர் தங்களை ஈசாக்கின் வழியிலும் யாக்கோபின் வழியிலும் வைத்துக்கொண்டார்கள். தங்கள் நாட்டை மிதித்த ரோமாபுரியை அவர்களுடைய ரபிமார் ‘ஏதோம்’ என்று அழைத்தார்கள். ஏதோம் என்பது ஏசாவின் மறுபெயர். ரோமாபுரி கிறிஸ்தவமானபின் அப்பெயர் கிறிஸ்தவ உலகத்துக்கும், ‘இஸ்மவேல்’ என்னும் பெயர் இஸ்லாமிய உலகத்துக்கும் எபிரேய நூல்களில் நிலைத்தன. கிறிஸ்தவர்களோ கதையையே திருப்பிப் படித்தார்கள். வாக்குத்தத்தத்தின் பிள்ளையான ஈசாக்கைப் போன்றவர்கள் விசுவாசிகளே என்று முதல் நூற்றாண்டிலேயே பவுல் எழுதினார். மூத்தவன் இளையவனுக்கு ஊழியஞ் செய்வான் என்பதற்கு, யூத மதம் மூத்தது, திருச்சபை இளையது என்று பின்வந்த கிறிஸ்தவ ஆசிரியர்கள் உரை கண்டார்கள். தம்பியாகவே இருக்க எல்லாருக்கும் ஆசை!

இஸ்லாத்திலே கதை வேறு நிலத்துக்குப் போகிறது. ஆகாரான ஹாஜரா அம்மையார் தண்ணீருக்காக ஓடிய இடம் மக்கா, ஊற்றெடுத்தது ஸம்ஸம். தகப்பனாரும் இஸ்மாயீலும் சேர்ந்து எழுப்பியது கஅபா ஆலயம். பலியிட அழைத்துச் சென்ற மகன் ஈசாக்கு என்கிறது வேதாகமம். குர்ஆன் பெயர் சொல்லாமல் விட, இஸ்மாயீல்தான் என்பது பெரும்பாலான முஸ்லிம்களின் நம்பிக்கை. நம் தெருக்களில் ஆண்டுதோறும் கொண்டாடப்படும் பக்ரீத் பண்டிகை அந்தப் பலியின் நினைவே. எனினும் ஒன்றை மறக்கலாகாது. இஸ்ஹாக், யஃகூப் என்று அந்தத் தம்பிமாரையும் குர்ஆன் நபிமார்களாகவே போற்றுகிறது.

இனிச் சமாதிக்குப் போவோம். சாராள் இறந்தபோது, அந்நிலத்தில் பரதேசியாயிருந்த ஆபிரகாம், மக்பேலா என்னும் குகையை எப்பெரோன் என்ற ஏத்தியனிடம் கேட்டார். சும்மா எடுத்துக்கொள்ளும் என்றான் அவன். ஆபிரகாம் சம்மதிக்கவில்லை, ஊரார் முன்னிலையில் 400 சேக்கல் வெள்ளியை நிறுத்துக் கொடுத்தே வாங்கினார். யூதர்களில் பலர் இன்றும் இந்த அத்தியாயத்தை இவ்வூருக்குத் தாய்ப்பத்திரம் போலவே எடுத்துக் காட்டுவார்கள். ஆபிரகாம், சாராள், ஈசாக்கு, ரெபெக்காள், யாக்கோபு, லேயாள் ஆகிய ஆறு பேரும் இங்கே அடக்கம் என்பது மரபு.

குகையின் மேல் சுமார் 200 அடி நீளமும் 110 அடி அகலமுமாக ஒரு கல்மதில் நிற்கிறது. சுண்ணாம்புச் சாந்து இல்லாமல் இழைத்துப் பொருத்திய பாறைக் கற்கள். இரண்டாயிரம் ஆண்டு வெயிலும் மழையும் அவற்றை அசைக்கவில்லை. கட்டட அமைப்பைக் கொண்டு இதை எழுப்பியவன் ஏரோது அரசன் என்று ஆராய்ச்சியாளர் கூறுகிறார்கள். ஏரோது யார்? அவன் தந்தை இதுமேயர் குலத்தவர். இதுமேயர் என்போர் ஏதோமியர். அதாவது, ஏசாவின் வழியினராக எண்ணப்பட்டவர்கள். கி.மு. 2-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் யூத ஆட்சியாளன் யோவான் ஹிர்க்கானு அவர்களை வென்று யூத மதத்தில் சேர்த்தான். ஆகவே, யாக்கோபின் சமாதிக்கு அழியாத மதில் எழுப்பியவன், ஏமாற்றப்பட்ட அண்ணனின் குலத்தில் வந்தவன்!

மதில் நிலைத்தது, உள்ளே வழிபாடு மாறிக்கொண்டே வந்தது. பைஸாண்டியர் காலத்தில் மாதா கோயில், பிறகு மசூதி, 12-ஆம் நூற்றாண்டில் சிலுவைப் போர் வீரர்கள் மீண்டும் மாதா கோயிலாக்கினார்கள், 1187-இல் சலாவுதீன் வென்றபின் மறுபடி மசூதி. 1267-இல் மம்லூக் சுல்தான் பைபர்ஸ் பிற மதத்தார் உள்ளே வரலாகாது என்று தடுத்தார். யூதர்கள் வெளிப் படிக்கட்டில் 7-ஆம் படி வரை ஏறி, அங்கேயே நின்று தொழுது திரும்புவது வழக்கமாயிற்று. 1967-ஆம் ஆண்டுப் போரில் இஸ்ரேல் இந்நகரைப் பிடிக்கும் வரை, 700 ஆண்டுகள், அந்த 7-ஆம் படியே அவர்களுக்கு மூலஸ்தானம். நந்தனார் கதை கேட்டு வளர்ந்த நமக்கு அந்த ஏக்கத்தை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

இந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டில் இரத்தமும் சிந்திற்று. 1929-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதக் கலவரத்தில் இவ்வூரில் 67 யூதர்கள் கொல்லப்பட்டார்கள். அதே நாளில் யூதர்கள் பலரைத் தங்கள் வீடுகளில் மறைத்து வைத்துக் காத்த அரபுக் குடும்பங்களும் இருந்தன. 1994-ஆம் ஆண்டு பிப்ரவரி 25-ஆம் தேதி, ரமலான் மாதத்து வெள்ளிக்கிழமை, அதிகாலைத் தொழுகையில் குனிந்திருந்தவர்கள் மீது அருகிலுள்ள குடியேற்றத்தைச் சேர்ந்த யூதன் ஒருவன் சுட்டதில் 29 முஸ்லிம்கள் மாண்டார்கள். அதன் பிறகே கட்டிடத்தைக் குறுக்கே தடுத்தார்கள். ஒரு பகுதி மசூதி, மறு பகுதி யூதர் ஜெபாலயம், தனித்தனி வாசல். ஆண்டில் 10 நாள் முழுக் கட்டிடமும் யூதர்களுக்கு; வேறு 10 நாள் முழுவதும் முஸ்லிம்களுக்கு.

முதல் வாசலில் துப்பாக்கி தாங்கிய இளைஞன் ஒருவன் எங்களை நிறுத்தினான். நம் வீட்டுப் பிள்ளைகளாயிருந்தால் கல்லூரியில் முதல் வருஷம் படிக்கும் வயது.

“முஸ்லிம்களா?” என்று கேட்டான்.

“இல்லை” என்றோம்.

“யூதர்களா?”

“இல்லை.”

எங்களை ஏற இறங்கப் பார்த்து, “அப்படியானால் போகலாம்” என்று வழிவிட்டான். மற்ற வாசலிலும் ஏறக்குறைய இதே சம்பாஷணைதான் நடந்தது. அந்தக் குடும்பத்தில் பிறந்தோம் என்று சொல்லியிருந்தால் ஒரு வாசல் அடைத்திருக்கும். ஒட்டும் உறவும் இல்லாத நாங்கள் இரண்டு வாசலிலும் நுழைந்தோம்!

மசூதிப் பகுதியில் பாதரட்சையைக் கழற்றி உள்ளே சென்றால், கம்பளம் விரித்த பெரிய மண்டபம். அதன் நடுவே ஈசாக்குக்கும் ரெபெக்காளுக்கும் எழுப்பிய சமாதி மேடைகள் இருக்கின்றன. ஆம், இஸ்மவேலின் வழிவந்தோர் என்று தங்களை எண்ணும் மக்கள் பாய் விரித்துத் தொழுவது, தம்பியாகிய ஈசாக்கின் பக்கத்தில். யூதர் பகுதியில் யாக்கோபும் லேயாளும். ஈசாக்கின் மேடையருகே சென்று ஜெபிக்க யூதர்கள் அந்த 10 நாளுக்குக் காத்திருக்க வேண்டும். எல்லாருக்கும் தந்தையான ஆபிரகாமின் மேடையோ நடு அறையில் இருக்கிறது. அவ்வறையை இரு பக்கத்தாரும் தத்தம் ஜன்னல் கம்பி வழியே பார்க்கலாம். இடையிலே குண்டு துளைக்காத தடித்த கண்ணாடி. நாங்கள் ஒரு பக்கத்து ஜன்னலில் நின்று பார்த்தபோது, எதிர் ஜன்னலில் ஒரு முதியவர் கண்ணை மூடி முணுமுணுத்துக்கொண்டிருந்தார். அவர் குரல் எங்களுக்குக் கேட்கவில்லை.

அந்த ஜன்னலருகே நிற்கையில்தான், முன்பு பல முறை படித்தும் மனத்தில் தங்காத ஒரு செய்தி எங்களுக்கு நினைவு வந்தது. ஆபிரகாம் 175 வயதில் இறந்தபோது, அவரை இக்குகையில் அடக்கஞ் செய்தவர்கள் யார் தெரியுமா? ஈசாக்கும் இஸ்மவேலும். வீட்டைவிட்டு விரட்டப்பட்ட மகன் தகப்பனாரின் காரியத்துக்கு வந்து, தம்பியோடு சேர்ந்து நின்றான் என்று ஆதியாகமம் ஒரே வாக்கியத்தில் சொல்லி முடிக்கிறது. ஈசாக்கு இறந்தபோதும் அப்படியே. ஏசாவும் யாக்கோபும் சேர்ந்தே புதைத்தார்கள். அதற்கு முன்பே அண்ணன் ஓடி வந்து தம்பியின் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதாயிற்று. சண்டை போட்ட கதைக்கு மூன்று மதங்களும் மலைமலையாக உரை எழுதின. சேர்ந்து நின்ற கதை அவ்வளவு பேசப்படவில்லை. அது நடந்ததாகச் சொல்லும் இடத்திலோ சுவர் எழுந்திருக்கிறது.

சுவரை நாளைக்கே இடித்துவிடலாம் என்று சொல்ல நாங்கள் துணியவில்லை. 1929-ஐ மறக்காத வீடுகளும் 1994-ஐ மறக்காத வீடுகளும் அங்கே இருக்கின்றன. நிலம் யாருக்கு, ஆட்சி யாருக்கு என்ற வழக்கு பழங்கதையால் மட்டும் வந்ததுமல்ல. பழங்கதையால் மட்டும் தீர்வதுமல்ல. ஆனால், எங்கள் முன்னோர் பகைத்தார்கள், ஆகையால் நாங்களும் பகைக்கிறோம் என்று யாராவது சொன்னால், உங்கள் முன்னோர் அப்படி முடிக்கவில்லையே என்று கேட்கும் உரிமை அந்தப் புத்தகத்தைப் படித்த எல்லாருக்கும் உண்டு.

வெளியே வந்தபோது உச்சிப்பொழுது. சமாதிக்கு அருகிலே ‘தக்கியா’ என்னும் அன்னசத்திரம் ஒன்றிருக்கிறது. விருந்தோம்பலில் சிறந்தவர் ஆபிரகாம் என்பதால் அவர் பெயரால் வரும் தர்மம். 1047-ஆம் ஆண்டு இங்கே வந்த நாஸிர் குஸ்ரு என்னும் பாரசீக யாத்திரிகர், வருவோர்க்கெல்லாம் ரொட்டியும், ஒலிவ எண்ணெயில் சமைத்த பருப்பும், உலர்ந்த திராட்சையும் கொடுத்தார்கள் என்று எழுதி வைத்திருக்கிறார். ஒரு கிண்ணம் பருப்புக்காகச் சேஷ்டபுத்திர பாகம் விலைபோன அதே குடும்பத்தின் வாசலில், பருப்பு இலவசம்!

நாங்கள் போன அன்று பெரிய அண்டாக்களில் கோதுமைக் கஞ்சி கொதித்துக்கொண்டிருந்தது. வாளியும் தூக்குமாகப் பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். அகப்பை பிடித்திருந்த பெரியவர் எங்களைக் கண்டதும் இரண்டு கிண்ணங்களை நிரப்பி நீட்டினார். நாங்கள் யார், எந்த மதம் என்று அவர் கேட்கவில்லை. சூடாயிருக்கிறது, பார்த்துக் குடியுங்கள் என்று சைகையால் மட்டும் சொன்னார்.