ஒரே வீட்டின் நான்கு குரல்கள்

1955 டிசம்பர் 24 அன்று, அமெரிக்காவின் ஏபிசி தொலைக்காட்சியில் லாரன்ஸ் வெல்க் தம் வாத்தியக் குழுவுடன் நடத்திவந்த இசை நிகழ்ச்சியில் நான்கு சிறுமியர் பாடினர். டயான், பெகி, கேத்தி, ஜேனட். மூத்தவருக்கு வயது 16, இளையவருக்கு 9. கலிஃபோர்னியாவின் வெனிஸ் பகுதியைச் சேர்ந்த இந்த லென்னன் சகோதரியர் 1968 வரை அந்நிகழ்ச்சியில் நீடித்தனர்.

கோயில் பஜனையில் பலர் கூடி ஒரே மெட்டைப் பாடுவர். மேலை இசையின் ஒத்திசைப் பாடலில் ஒவ்வொருவரும் வெவ்வேறு சுரத்தில் நிற்பர்; சொல் மட்டுமே பொது. ஆகவே சுரம் பிசகாதிருந்தால் மட்டும் போதாது. ஓர் ஆகாரத்தை ஒருவர் வாயை அகலத் திறந்தும் மற்றொருவர் சற்றே குவித்தும் ஒலித்தால், குரல்கள் கலவாமல் தனித்தனியே கேட்கும். உயிரொலிகள் ஒத்திருக்க வேண்டும். மெய்யொலிகள் ஒரே கணத்தில் முடிய வேண்டும். அயலார் நெடுநாள் பழகி அடையும் இவ்வொருமை, ஒரே வீட்டில் பேசக் கற்றவர்களுக்குப் பாதி இயல்பாகவே வாய்த்துவிடுகிறது. எஞ்சிய பாதியைப் பயிற்றியவர் அவர்களுடைய தந்தை வில்லியம் லென்னன். அவரும் ஒருகாலத்தில் தம் சகோதரர்களுடன் குழுவாகப் பாடியவர்.

தொலைக்காட்சி அக்குரல்களை மட்டும் விற்கவில்லை. அவை பிறந்த வீட்டையும் சேர்த்தே விற்றது. சகோதரியரின் உருவில் காகிதப் பொம்மைகள் கடைகளுக்கு வந்தன. சிறுமியர் குமரிகளானதை நாடே பார்த்தது. 1960இல் டயான் திருமணத்தின் பொருட்டு விலகியதையும், 1964இல் திரும்பி வந்ததையும் நேயர்கள் தங்கள் குடும்பச் செய்தியாகவே அறிந்தனர். 'எங்கள் வீட்டுப் பெண்கள்' என்ற உணர்வே அந்நிகழ்ச்சியின் மூலதனம்.

பெரும்பாலோருக்கு அது வெறும் பாசம். ஒருவன் மட்டும் அதை மெய்யென்றே நம்பினான். பெகி தன் மனைவி என்றும், தங்களைப் பிரித்து வைத்திருப்பவர் அவருடைய தந்தை என்றும் மனப்பிறழ்வில் கற்பித்துக்கொண்டான். பெகியோ அதற்குள் வேறொருவரை மணந்திருந்தார். 1969 ஆகஸ்ட் 12 அன்று, வில்லியம் லென்னனை அவர் பணிபுரிந்த கோல்ஃப் மைதானத்தில் அவன் சுட்டுக் கொன்றான். இவ்வாறு ஒருவரை விடாது பின்தொடர்ந்து அச்சுறுத்துவதைத் தனிக் குற்றமாக்கும் சட்டம் கலிஃபோர்னியாவில் 1990இல்தான் இயற்றப்பட்டது. அமெரிக்காவிலேயே அவ்வகையில் அதுதான் முதற்சட்டம்.

கொலை நடந்த மறுமாதம், நகைச்சுவைக் கலைஞர் ஜிம்மி டுரான்ட்டியுடன் சகோதரியர் இணைந்து நடத்தும் புதிய நிகழ்ச்சி ஏபிசியில் தொடங்கியது. நால்வரும் பாடினர். ஒத்திசையில் தனியே தழுதழுக்க இடமில்லை. ஒருவர் மூச்சுத் தவறினாலும் மற்ற மூவரின் பாட்டும் குலையும். அந்த ஒழுங்கை அவர்களுக்குக் கற்றுத்தந்தவர் அப்போது உயிரோடு இல்லை. நேயர்கள் தங்களுடையது என்று எண்ணி மகிழ்ந்த அந்தக் குடும்பத்தில், இழப்பு மட்டும் முழுக்க முழுக்க அந்த வீட்டாருடையதாகவே இருந்தது.