காந்திமதியின் முதுசொல்

2021இல் கொரிய நடிகை யூன் யூ-ஜங், ‘மினாரி’ படத்தின் பாட்டி வேடத்திற்காகத் துணை நடிகைக்கான ஆஸ்கர் விருது பெற்றபோது அவருக்கு வயது எழுபத்து மூன்று. வாய்த்துடுக்கு மிக்க அந்தக் கிழவியைக் கண்டதும் கம்பம் பள்ளத்தாக்கில் வாழும் நமக்கு நினைவில் எழுந்தவர் காந்திமதி. ‘மண்வாசனை’யில் (1983) நாயகனின் பாட்டியாக அவர் வந்தபோது நாற்பதைக்கூடத் தொட்டிருக்கவில்லை. கிழவியாகக் காட்ட ஒப்பனை உதவியிருக்கலாம். ஆனால் சொல்லை மென்று, நிறுத்தி, எதிராளியின் முகத்தில் எறிகின்ற அந்தக் கிழத்தனத்தை எந்த ஒப்பனையாளர் தர இயலும்?

காந்திமதி நம் பள்ளத்தாக்கைச் சேர்ந்தவரல்லர். வருசநாட்டு மலையில் பிறந்து வரும் வைகை, மதுரையைக் கடந்து சென்று தொடுகின்ற மானாமதுரை அவர் ஊர். பாரதிராஜாவோ தேனி அல்லிநகரத்துக்காரர். இருவரும் இணைந்த ‘16 வயதினிலே’ (1977) நம் பக்கத்துக் கிராமமாகவே தோன்றினாலும், அதன் பெரும்பகுதி படமாக்கப்பட்டது கர்நாடகத்தின் கொள்ளேகால் பகுதியில். நிலம் இரவல். இருந்தும் அதை நம் ஊரென நாம் நம்பியதற்கு, மயிலின் தாய் குருவம்மாளின் குரலே பெருங்காரணம் என்பது நம் துணிபு. ஏச்சும் அழுகையும் ஒரே மூச்சில் வரும் குரல் அது. உரையாடல் கலைமணியுடையது, அவரே ‘மண்வாசனை’க்கும் எழுதினார். தாளில் இருந்த பழமொழியை வாயிலேயே விளைந்ததாக ஆக்கியது நடிகையின் திறம்.

பாட்டு, உரை ஆகியவற்றோடு ஒருங்கு வைத்துத் தொல்காப்பியர் எண்ணும் முதுசொல்லை நாம் வகுப்பில் நூற்பாவாக நடத்துகிறோம். காந்திமதி அதைச் சண்டைக்கு எடுத்துவந்தார். சண்டையில்தானே பழமொழிக்கு உயிர்!

இதன் விலையையும் சொல்லியாக வேண்டும். தாய், அத்தை, பாட்டி என்ற வட்டத்திற்குள்ளேயே திரையுலகம் அவரை நிறுத்திவிட்டது. பண்ணைப்புரத்துக் கங்கை அமரன் இயக்கிய ‘கரகாட்டக்கார’னிலும் (1989) அவர் தாய்தான். 2011 செப்டம்பரில் மறைந்தபோது, ‘பழமொழி பேசும் கிழவி’ நகைச்சுவைக்குரிய அச்சாகத் தேய்ந்திருந்தாள். ஊர்ப்பேச்சு தாளாமல் இறந்துபோகும் குருவம்மாளைச் சிரித்துக்கொண்டே எவர் பார்க்க முடியும்?

வீட்டு முதியோரிடம் பழமொழிகள் திரட்டிவர ஒருமுறை மாணவியரைப் பணித்தோம். சின்னமனூர்ப் பக்கத்திலிருந்து வரும் ஒரு மாணவி நாற்பதுக்குமேல் கொண்டுவந்தாள். அம்மாச்சி முதலில் சொல்ல மறுத்தாராம்: “அதெல்லாம் படத்துல காந்திமதி பேசுறது புள்ள, எனக்கு என்ன தெரியும்?” பிறகு கடலை உடைத்துக்கொண்டே ஒவ்வொன்றாகச் சொல்லியிருக்கிறார். அவற்றுள் பாதிக்குமேல் நாம் எந்தத் தொகுப்பிலும் கண்டிராதவை. ஏட்டில் ‘சொன்னவர்’ என்ற கட்டத்தில் மட்டும், அம்மாச்சியின் சொற்படியே, காந்திமதி என்று எழுதியிருந்தது.