மாடமும் கண்ணாடி அலுமாரியும்

யப்பானியரின் மரபுவழி இல்லங்களில், விருந்தினரை இருத்தும் அறையின் ஒரு பக்கம் சற்று உள்வாங்கி, தரை சிறிது உயர்ந்து அமைந்திருக்கும். இதனைத் தொக்கோனோமா என்பர். முரோமாச்சிக் காலத்தில் (1336–1573) உருப்பெற்ற இம்மாடத்தில் எவரும் கால்வைப்பதில்லை. தொங்கும் ஓவியச்சுருள் ஒன்று, அதன்முன் ஒரு மலர்க்கலம், பெரும்பாலும் அவ்வளவே. பருவம் மாறச் சுருளும் மாறும். ஏனையவை பெட்டியுள் உறங்கும். தலைமை விருந்தினரை அதற்கு முதுகு காட்டி அமர்த்துவது வேடிக்கையான வழக்கு. அவர் காணாத அழகு, அவரைக் காண்போர்க்குப் பின்னணியாகின்றது.

யாழ்ப்பாணத்துப் பழைய வீடுகளின் விளக்குமாடம் இதனினும் மிகச் சிறிது. ஓர் அகல் அமரும் இடம். புகை படிந்து கறுத்த மேல்விளிம்பு. கொழும்பில் வாடகைக்கு இருப்போர் சுவரைக் குடைவது எங்ஙனம்? ஆணி அடிக்கவே வீட்டுக்காரரின் அனுமதி வேண்டும். கொட்டாஞ்சேனைக் கத்தோலிக்க இல்லங்களில், திருவிருதய ஆண்டவர் படத்தின் கீழ்ச் சிவப்பு மின்குமிழ் எரிவதற்கு ஒரு பலகைத்துண்டு போதுமாயிருக்கின்றது. வெள்ளவத்தைத் தொடர்மாடிகளிலோ கண்ணாடி அலுமாரி: தேநீர்க் கோப்பைகள், பட்டமளிப்புப் படங்கள், கனடாவிலிருந்து வந்த பொம்மைகள். இந்நெரிசலைக் கண்டு நகைப்பது எளிது. நகைப்போர் அவ்வீடுகளில் ஒருமுறையேனும் தேநீர் அருந்தியிருத்தல் வேண்டும்.

காலி வீதிக்குக் கடற்பக்கமாயுள்ள ஒழுங்கையொன்றில் வாழும் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவரின் அலுமாரியும் அத்தகையதே. 1983 ஆடிக் கலவரத்தில் அவரது முன்னைய வீடு எரியூட்டப்பட்டது. பின்வாசலால் ஓடியபோது அவர் கையிலிருந்தது ஒரு பித்தளை விளக்கு. அதன் அருகிலேயே இருந்த, காலஞ்சென்ற கணவரின் ஒரேயொரு படத்தை விடுத்து விளக்கை ஏன் எடுத்தார் என்பதற்கு இன்றுவரை அவரிடம் விடையில்லை. அதன்பின் வந்த எப்பொருளையும் அவர் எறிந்ததில்லை.

யப்பானிற் பயின்று திரும்பிய பேர்த்தி, தொக்கோனோமாவைப் பற்றி ஆர்வத்தோடு விளக்கினாள்.

"இவ்வளவும் எதுக்கு அம்மம்மா? ஒண்டை மட்டும் வையுங்கோவன்."

"ஒண்டை எடுத்துக்கொண்டு ஓடினனான் பிள்ளை. அது போதும்."

பேர்த்தி மேலே எதுவும் பேசவில்லை. அடுத்த கிழமை அவள் வந்தபோது, அலுமாரியின் மேற்றட்டு வெறுமையாகத் துடைக்கப்பட்டிருந்தது. விளக்குக்கூட அங்கில்லை, அது கீழே கோப்பைகளின் நடுவே நின்றது. மேற்றட்டில் சட்டமிட்ட படமொன்று நிற்குமளவு இடம் இருந்தது.